நூல் கட்டிய துப்பாக்கி

செஞ்சி கடைவீதியில் எங்கள் கம்பெனி எது என்று கேட்டால், வழி சொல்வதற்கு முன்னால் சிரித்துவிடுவார்கள். கம்பெனி என்றால் நானும் என் நாத்தனாரும்தான். நான் பத்தாவதோடு நின்றவள். மோட்டார் வைண்டிங் கடையில் பார்த்துப் பார்த்தே செம்புக் கம்பி சுற்றக் கற்றுக்கொண்டேன். அவள் எலக்ட்ரானிக்ஸ் படித்தவள். இருவரும் சேர்ந்து, கையில் பிடித்துச் சுடுகிற மின்காந்தத் துப்பாக்கி செய்கிறோம்.

வெடிமருந்து கிடையாது. விசையை அழுத்தினால் பேட்டரி கரண்ட் செம்புச் சுருளில் பாயும். சுருள் காந்தமாகி இரும்புத் துண்டை இழுத்து வீசும். துண்டின் வாலில் நைலான் நூல். உயரமான மரத்துக்கு மேலாகவோ, கல்குவாரிப் பள்ளத்துக்கு அந்தப் பக்கமோ நூல் போய்விட்டால் அதில் கயிற்றைக் கட்டி இழுத்துக்கொள்ளலாம். யாரும் ஏறிப்போய் விழ வேண்டாம். அவ்வளவுதான் எங்கள் ஆசை.

எதிர்க்கடை மளிகைக்காரர் தினமும் கேட்பார். "இன்னாம்மா, கோட்டைய எப்போ புடிக்கப் போறீங்க? சொன்னா கடைய சாத்திக்கினு போயிடுவேன்."

"முதல்ல உங்க கடையதான் புடிக்கறோம் அண்ணே. கோட்டை எங்க ஓடிடப்போவுது?" என்பேன் நான்.

சிரிப்பவர்கள் இருந்தார்கள், வாங்குபவர்கள் இல்லை. மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் வேர்க்கடலைக் கொல்லையில் காட்டுப்பன்றி விரட்ட ஆகுமா என்று தளவானூர் விவசாயி ஒருவர் வந்தார். சுட்டுக் காட்டினோம். 'டொக்' என்றது.

"இன்னாம்மா இது, கொட்டாவி வுட்டா மாதிரி இருக்குது? பன்னி ஓடணும்னா ஊரே அதிரணும். இத்த மோந்து பாத்துட்டு அது பாட்டுக்கு மல்லாட்டய துன்னும்."

அவர் போனதும் நாத்தனார் சொன்னாள்: "இந்த மாசத்தோட சரி அண்ணி. ஆர்டர் வரலன்னா நான் சென்னை வேலைக்குப் போயிடறேன். சாமானையெல்லாம் எடைக்குப் போட்டுடலாம்."

மறுவாரம் ஒரு வெள்ளைக் கார் வந்து நின்றது. இறங்கியவர் சுடச் சொல்லிப் பார்த்தார். முகம் மலர்ந்தது. "சத்தமே இல்லையே!" அதற்காகச் சந்தோஷப்பட்ட முதல் ஆள் அவர்தான்.

"எத்தினி செஞ்சாலும் நானே எடுத்துக்கறேன். ஷெட்டும் போட்டுத் தரேன். நூல் மட்டும் வேணாம். இன்னும் வேகமா போவணும்."

"எதுக்குங்க?"

"பன்னித் தொல்லைம்மா."

"பன்னி ஓடறதுக்கு சத்தம் வேணுமேங்க?"

"ஓடறதுக்கா கேக்கறேன்?" கண்ணைச் சிமிட்டினார். "சில பன்னி ரெண்டு காலுலயும் நடக்கும்மா."

துப்பாக்கியை அவர் கைக்கு எட்டாமல் நகர்த்தி வைத்தேன். வாயும் நிற்கவில்லை. "நூல் இல்லாம நாங்க செய்யறதில்லைங்க."

"வர்ற மகாலட்சுமிய திருப்பி அனுப்பாதம்மா."

"அவ நடந்து வரட்டும்ங்க. கார் கண்ணாடிய ஏத்திக்கினு வர வேணாம்."

கார் போன பிறகு நாத்தனாரைப் பார்க்கவே பயமாக இருந்தது. இந்தக் கம்பெனி அவள் கனவு. அவளைக் கேட்காமலே நான் பதில் சொல்லிவிட்டேன். அவள் மெஷினைத் திறந்து சால்டரிங் அயர்னைச் சூடாக்கினாள்.

மத்தியானம் கூப்பிட்டுக் காட்டினாள். நூல்கண்டு உட்காருகிற இடத்தில் சின்னதாக ஒரு ஸ்விட்ச். கண்டை மாட்டினால்தான் கரண்ட் பாயும். எடுத்துவிட்டால் விசையை எவ்வளவு அமுக்கினாலும் அது வெறும் பொம்மை.

"நீங்க சொன்னத இனிமே மெஷினும் சொல்லும் அண்ணி."

அந்த ஸ்விட்சைக் கழற்றித் தர வேறு எவனாவது கிடைக்கலாம். கிடைக்கட்டும். எங்கள் கையால் நடக்காது.

அப்படியே சென்னைக்குப் போன் போட்டு, "நான் வரலீங்க," என்றாள். ஆர்டர் இன்னும் வரவில்லை என்பதை நான் ஞாபகப்படுத்தவில்லை.

சில நாள் கழித்துக் கார் டிரைவர் மட்டும் வந்தார். "மனசு மாறிச்சான்னு சாரு கேட்டாரு."

நாத்தனார் நிமிரக்கூட இல்லை. "மாறல. நூலோட வேணும்னா வரிசையில வந்து நிக்கச் சொல்லுங்க."

வரிசை எங்கே இருந்தது? கடையில் நாங்கள் இரண்டு பேர்தான். இருந்தாலும் டிரைவர் ஒருமுறை திரும்பி வாசலைப் பார்த்துவிட்டுத்தான் போனார்.