வக்கீலம்மா கோர்ட்டில் சொன்னது

"…குட்தா இன்னாம்மா தப்பு? திங்கக்கெழம ஆனா ஊரே கலெக்டராண்ட மனு குட்துகினுதான கீது!"

கடை அக்கா சொல்லி முடிப்பதற்குள் எங்கள் வக்கீலம்மாவின் முகம் மாறிவிட்டது. சென்னை ஐகோர்ட் தாழ்வாரத்தில் நின்றிருந்தோம். வழக்கைக் கூப்பிட இன்னும் கொஞ்ச நேரம்தான் இருந்தது.

நான் அப்போது செங்கல்பட்டில் வக்கீலம்மாவிடம் குமாஸ்தா. பெரிய படிப்பு கிடையாது. கேஸ் கட்டு சுமந்து, காதால் கேட்டே சட்டம் பழகியவன். அதைவிட மனிதர்கள் பேசுவதைக் கேட்பதில்தான் எனக்கு ருசி அதிகம். தொண்ணூறுகளின் கடைசி அது. மாமல்லபுரம் கடற்கரையில் மீன் வறுத்து விற்ற அக்காவின் கடையை, ஒரு நோட்டீஸ்கூடத் தராமல் அதிகாரிகள் பூட்டி சீல் வைத்துவிட்டார்கள். டிசம்பர் சுற்றுலாக் கூட்டம் வரப்போகிற சமயம். அந்தக் கூட்டத்தை வைத்துத்தான் அக்கா வீட்டில் வருஷம் ஓடும்.

இதை எதிர்த்துக் கலெக்டரிடம் அப்பீல் போகலாம். ஆனால் அது ஆற அமரத்தான் நடக்கும். ஐகோர்ட்டில் ரிட் மனு போட்டால் உடனே கடையைத் திறக்கச் சொல்ல வாய்ப்புண்டு. ஆனால் வேறு வழி இருக்கும்போது ரிட்டை எடுத்துக்கொள்வதும் தள்ளுவதும் நீதிபதியின் விருப்பம். வக்கீலம்மா இதைக் கட்சிக்காரர்களிடம் எப்போதும் ஒரே மாதிரிதான் சொல்வார்: "ஐகோர்ட் நினைச்சா கேக்கலாம். கேட்டே ஆகணும்னு நாம மல்லுக்கு நிக்க முடியாது." நோட்டீஸே தராமல் பூட்டியதால் நீதிபதி கேட்பார் என்று அவர் நம்பினார். வேறெங்கும் முறையிடவில்லை என்ற பிரமாணப் பத்திரத்தில் அக்காவின் கையெழுத்து இருந்தது.

அக்கா பொய் சொல்ல நினைக்கவில்லை. திங்கட்கிழமை மனு கொடுப்பதை எங்கள் பக்கத்தில் யாரும் முறையீடாக நினைப்பதே இல்லை. கோயிலுக்குப் போய்வருகிற மாதிரி காஞ்சிபுரத்துக்கு பஸ் ஏறிவிடுவார்கள். கலெக்டர் ஆபீஸ் அப்போது அங்கே. இப்போது செங்கல்பட்டுக்கே வந்துவிட்டது. வரிசை மட்டும் குறையவில்லை. அக்காவின் மனுவை அங்கே அப்பீலாகவே எடுத்துக்கொண்டு ஜனவரியில் விசாரணைக்கு வரச்சொல்லியிருந்தார்கள். இதை நீதிபதியிடம் சொல்லிவிடப்போவதாக வக்கீலம்மா சொன்னதும் அக்கா பொங்கிவிட்டார்.

"கவர்மென்ட்டு வக்கீலுக்கே தெரியாதுன்ற. நீ இன்னாத்துக்கு வாயத் தொறக்குற?"

"அவருக்குத் தெரியாதுக்கா. எனக்குத் தெரிஞ்சிடுச்சே."

"தெரிஞ்சா முழுங்கிடும்மா! ஊர்ல எத்தினியோ பேரு இன்னான்னாவோ முழுங்குறான்."

நான் சிரித்துவிட்டேன். வக்கீலம்மா சிரிக்கவில்லை.

உள்ளே காற்று எங்கள் பக்கம்தான் அடித்தது. நோட்டீஸ் ஏன் தரவில்லை என்று நீதிபதி கேட்க, அரசு வக்கீல் காகிதங்களைப் புரட்டித் திணறினார். அந்த நேரத்தில்தான் வக்கீலம்மா, கலெக்டரிடம் மனு நிலுவையில் இருப்பதைத் தானே எழுந்து சொன்னார். நீதிபதி பேனாவை மூடிவைத்தார். வேறு வழி இருப்பது தனக்குத் தடையில்லை என்றும், ஆனால் அக்கா ஏற்கெனவே அந்த வழியில் போய்க்கொண்டிருப்பதால் தான் நடுவில் புக விரும்பவில்லை என்றும் சொன்னார். சீக்கிரம் விசாரிக்கக் கலெக்டருக்கு உத்தரவிட்டு ரிட்டை முடித்துவைத்தார்.

"உன்னிய நம்பி வந்தேன் பாரு, என்னியச் சொல்லணும். எரியிற அடுப்புல தண்ணிய ஊத்திட்டியேம்மா! இனிமே உன் மூஞ்சில முழிக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டு அக்கா தனியாக பஸ் பிடித்துப் போய்விட்டார். நாங்கள் மின்சார ரயிலில் திரும்பினோம். ஊரப்பாக்கம் தாண்டிய பிறகுதான் வக்கீலம்மா வாயைத் திறந்தார். "நான் செஞ்சது சரிதான். ஆனா பட்டினி எனக்கில்லையே, அவங்களுக்குத்தானே." அந்தப் பேச்சை நான் எங்கேயும் தொலைக்கவில்லை.

கடை பொங்கலுக்குப் பிறகு திறந்தது. அந்த டிசம்பர் போனது போனதுதான்.

கடை திறப்பதற்கு முன்பு ஒரு திங்கட்கிழமை, ஐகோர்ட் உத்தரவின் நகலோடு வக்கீலம்மா காஞ்சிபுரம் போனார். கறுப்புக் கோட்டு போடவில்லை. வெயிலில் வரிசையின் கடைசியில் போய் நின்றார். விடியற்காலையிலேயே வந்துவிட்ட அக்கா, மனு வாங்கும் மேஜைக்குப் பக்கத்திலேயே நின்றிருந்தார். இன்னும் நாலைந்து பேர் நகர்ந்தால் அவர் முறை. திரும்பியவர் வக்கீலம்மாவைப் பார்த்துவிட்டார். முகத்தைத் திருப்பிக்கொண்டார். மறுபடி பார்த்தார்.

பிறகு வரிசையைவிட்டு வெளியே வந்து, கடைசிவரை நடந்து, வக்கீலம்மாவுக்குப் பின்னால் நின்றுகொண்டார்.