வீட்டுக்கு மேலே போகும் கப்பல்

பிரெஞ்சுக்காரர் இலங்கைத் தமிழரான எங்கள் எல்லாரையும் இந்தியர் என்கிறார்கள். அதற்குக் கோபிக்கும் பாரிஸ் லாச்சப்பல் பகுதித் தமிழர்கள், கண் சிறுத்த எவரைக் கண்டாலும் சீனன் என்பார்கள். இந்த அற்பத்தனம் என்னைத் தீண்டவில்லை என்று நினைத்திருந்தேன். படித்தவனல்லவா.

என் மகள் ஆரணி, வெய் என்ற சீன இளைஞனைக் கட்டப் போகிறாள். போன ஞாயிறு அவனுடைய தகப்பனை எனக்கு அறிமுகப்படுத்த ரூ பஜோல் தெருவுக்குக் கிட்ட ஒரு சாப்பாட்டுக் கடைக்குக் கூட்டிவந்தாள். “குத்திக் கதைச்சியள் எண்டால் கலியாணத்துக்குச் சொல்லமாட்டன்” என்று முன்கூட்டியே எச்சரித்திருந்தாள்.

அவர் யாங்சி ஆற்றங்கரைக்காரர். நான் ஊரில் புவியியல் படிப்பித்தவன். அந்த ஆற்றைக் காணாமலே கரும்பலகையில் வரைவேன். திபெத்தில் பிறந்து ஷாங்காயில் கடலில் விழும். கடற்கப்பல் வூகான் வரை, ஆற்றுக்கப்பல் சொங்சிங் வரை. இடையில் மலையிடுக்குகளில் பாறையும் சுழியும். அணை கட்டி நீரை உயர்த்தியதும் அந்தத் தொல்லை தீர்ந்தது என்று இங்கே வந்தபின் வாசித்து மகிழ்ந்தேன்.

அந்த மனிதர் கொத்துரொட்டியைக் குச்சிகளால் எடுத்துச் சாப்பிட்டார். குச்சிகளைச் சட்டைப்பையில் கொண்டுவந்திருந்தார். எனக்கு இளக்காரம் வந்துவிட்டது.

“ஊரிலை எந்தப் பக்கமாம்? கேள் பிள்ளை.”

“சாதி விசாரிக்கிறியளோ அப்பா? சீனனிட்டையோ?”

“சும்மா கேளன்.”

எங்கள் சம்பந்தப் பேச்சில் ஆளை அளக்கும் கேள்வி அது. அவள் பிரெஞ்சில் கேட்டாள். அவர் சிரித்தபடி கையைத் தலைக்கு மேலே உயர்த்திக் காட்டினார்.

“ஓ, மலைக்காட்டு ஆக்களோ?”

“இல்லை. தண்ணி அவ்வளவு உயரத்துக்கு நிக்குதாம். அணைக்காக ஊர்ச்சனத்தை எழுப்பிப் போட்டாங்களாம். இப்ப அவரின்ரை வீட்டுக்கு மேலாலை கப்பல் போகுது.”

ஊரில் எங்கள் தோட்டக் காணியும் அப்படித்தான் பறிபோய் விமான ஓடுபாதைக்குள் போனது. கடைசியாக ஊருக்குப் போனபோது, விமானத்தின் சில்லு அங்கே தரை தொட்டதும், “இப்ப எவ்வளவு சுகம் பாத்தியளோ” என்று பக்கத்து இருக்கைக்காரருக்குச் சொன்னவன் நான். வழி திறந்தால் போதும், அடியில் யாருடைய அடுப்பு இருந்தால் என்ன என்று நினைக்கத்தான் என் படிப்பு உதவியிருக்கிறது.



ஆரணி எழுந்துபோய் அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். “கலியாணத்துக்கு வாங்கோ. வாயை வீட்டிலை விட்டிட்டு வாங்கோ” என்று என்னிடம் சொன்னாள். பிறகு உள்ளங்கையை விமானம்போல இறக்கி மேசையில் பதித்து, அவருக்குப் பிரெஞ்சில் ஏதோ சொன்னாள். அவர் குச்சிகளைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார். என் காணியின் கதைதான். சுற்றுலா விசாவில் அதில் போய் இறங்கிய நான், பாதி விளங்காமல் எதிரே இருந்தேன்.