அக்காவுக்கு வந்த காய்ச்சல்

சொந்தங்களுக்கும் நட்புகளுக்கும் வணக்கம். அக்கா மறைந்து ஓராண்டு நிறைகிறது. எதனால் போனார் என்று துக்கத்துக்கு வந்தவர்கள் கேட்டீர்கள். அன்று எங்களுக்குச் சொல்லத் தெரியவில்லை. இப்போது எழுதுகிறேன்.

அக்கா எங்கள் மலையின் வளப்பூர் நாட்டு ஊர் ஒன்றில், எங்கள் பெற்றோருக்கு மூத்த மகளாகப் பிறந்தார். பள்ளியில் படிக்கும்போது காய்ச்சல் வந்து முழங்கால்கள் வீங்கின. இதய வால்வில் தழும்பு விழுந்துவிட்டது என்றார் மருத்துவர். அதற்காகப் பல ஆண்டுகள் மாதந்தோறும் பஸ் ஏறிப் போய் ஊசி போட்டுக்கொண்டார். பெரியவரானதும் ஊசி நின்றது. பிறகு அந்த வால்வைப் பற்றி வீட்டில் பேச்சே இல்லை.

தேவனூர் நாட்டில் வாழ்க்கைப்பட்டார். மாமாவுடன் சேர்ந்து மிளகும் மரவள்ளியும் பயிரிட்டு, ஒரே மகளைக் கல்லூரிக்கு அனுப்பினார். யார் வீட்டில் பிள்ளைப்பேறு என்றாலும் உடன் போவார். வலி எடுத்தவள் மெல்ல நடந்து வருவதற்குள் பஸ் கிளம்பினால் முன்னால் போய் நின்றுகொள்வார். "ஏனுங்க டிரைவரு, ஒரு உசுரு ரெண்டாகப் போவுது, செத்த பொறுக்க மாட்டீங்களா?" என்பார். டிரைவர்கள் பொறுத்தார்கள்.

மிளகு பறிப்பு முடிந்த சமயம் காய்ச்சல் தொடங்கியது. அதற்குச் சில வாரங்கள் முன்பிருந்தே கடைவாய்ப் பல் சொத்தையாகி, ஈறு வீங்கியிருந்தது.

"எனக்கொன்னும் இல்ல கண்ணு, ஏணி ஏறி எறங்குன அலுப்பு" என்றார் என்னிடம்.

மாத்திரை சாப்பிட்டால் காய்ச்சல் விடும். நிறுத்தினால் திரும்ப வரும். மலேரியா இல்லை, டைபாய்டும் இல்லை. உடம்பு இளைத்து, ரவிக்கை தொளதொளத்தது. மேட்டில் ஏறினால் மூச்சு வாங்கியது. மாமாவும் நானும் சேலத்துக்கு அழைத்துப் போனோம். அங்கே ஒரு பெண் மருத்துவர் நெஞ்சில் குழாய் வைத்து வெகு நேரம் கேட்டார். எக்கோ எடுத்ததில், பழைய தழும்பு இருந்த வால்வில் ஒரு கட்டி ஆடிக்கொண்டிருந்தது.

ரத்தம் எடுத்துப் புட்டிகளில் வைத்தார்கள். கிருமி வளர்ந்தால்தான் பெயர் தெரியும், அதற்கேற்ற மருந்து தரலாம் என்றார்கள். ஒன்றும் வளரவில்லை. பொது மருந்துகளைக் கொடுத்துக்கொண்டு காத்திருந்தார்கள். ஆய்வகத்துக்காரர் புட்டிகளைக் கொட்டிவிடாமல் வழக்கத்தைவிட அதிக நாள் வைத்திருந்து, ஒரு காலையில் அவரே வார்டுக்கு வந்து, "வளந்துருச்சுங்க" என்றார். அபூர்வமாக நோய் தரும் கிருமியாம். மிக மெதுவாக வளருமாம். வாயில் குடியிருப்பதாம். சொத்தைப் பல் வழியாக ரத்தத்தில் கலந்திருக்கலாம் என்றார் மருத்துவர்.

அன்று என் நான்கு வயது மகளைக் கூட்டிப் போயிருந்தேன். "பெரியம்மா" என்று அவள் கட்டிலில் ஏறியதும், அக்கா முந்தானையால் வாயைப் பொத்தி முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். மருத்துவர் பார்த்துவிட்டார்.

"இது ஒட்டிக்கிற நோய் இல்லம்மா. எல்லார் வாயிலயும் இருக்கலாம். என் வாயிலயும் இருக்கலாம்."

அக்கா அவர் வாயையே சற்று நேரம் பார்த்தார். "அப்ப உங்களுக்கு ஏனுங்க வல்லே?"

"உங்க வால்வுல தழும்பு இருக்கு. அதுல வந்து ஒட்டிக்கிச்சு."

"வாயில இருந்தது நெஞ்சுக்குப் போயிருச்சா?" என்றார் அக்கா. பிறகு முந்தானையை எடுத்துவிட்டு என் மகளை மடியில் வைத்துக்கொண்டார்.

சரியான மருந்து ஏறியதும் காய்ச்சல் விட்டது. பசிக்கிறது என்றார். களி கேட்டார். வால்வை மாற்றும் அறுவைக்கு நாள் பார்க்கத் தொடங்கினார்கள். ஒரு காலையில் மாமா காப்பி நீட்டினார். அக்காவின் விரல்கள் மூடவில்லை. டம்ளர் விழுந்தது. ஏதோ சொல்ல வாயெடுத்தார். சொல் வரவில்லை. "சொல்லு, சொல்லு" என்று மாமா கேட்டுக்கொண்டே இருந்தார்.

கட்டியிலிருந்து ஒரு துணுக்கு உடைந்து மூளைக்குப் போய்விட்டது. "மருந்து வேலை செஞ்சுகிட்டுதாம்மா இருந்துச்சு. ஆனா கட்டி உடையறதைத் தடுக்க முடியல" என்றார் மருத்துவர். நான் தலையாட்டினேன். சில நாளில் அக்கா போய்விட்டார். மலைக்குக் கொண்டுவந்தோம். அன்று யார் யார் வந்தீர்கள் என்று எனக்கு நினைவில்லை. மன்னியுங்கள்.

சிறு வயதில் வால்வு கெட்டது என்று சொல்லப்பட்டவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால், பல்லைக் கவனியுங்கள். பல் மருத்துவரிடம் முதலில் வால்வைப் பற்றிச் சொல்லுங்கள். காய்ச்சல் விட்டுவிட்டு வந்தால், மாத்திரை வாங்கும் முன் இதயத்தைப் பார்க்கச் சொல்லுங்கள்.

மருத்துவருக்கும், செவிலியருக்கும், அந்த ஆய்வகத்துக்காரருக்கும், ரத்தம் கொடுக்க மலையிறங்கி வந்த பிள்ளைகளுக்கும், காரியம் முடியும்வரை அடுப்படியைப் பார்த்துக்கொண்ட பைல் நாட்டுச் சித்திக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. மாமா இன்னும் யாரிடமும் அதிகம் பேசுவதில்லை. அவருக்கும் சேர்த்து நானே சொல்கிறேன். வீட்டுக்கு வந்தால் ஆறுதல் ஒன்றும் சொல்ல வேண்டாம். அவர் பக்கத்தில் சற்று நேரம் சும்மா உட்கார்ந்துவிட்டுப் போங்கள்.

தங்கை