பீர்க்கன்கரணையில் நான் தெரிந்தே செய்த தப்பு

2008-ல் குரோம்பேட்டையில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். ஆபீஸ் விட்டு வந்தால் கம்ப்யூட்டரில் லாரி ஓட்டுவேன். அந்த கேம் அப்போதே பழசு. அதில் இருந்ததெல்லாம் அமெரிக்க ரோடுகள். ஆனால் நம் ஊர் ரோட்டை நாமே மேப்பாக உருவாக்கி அதில் சேர்த்துக்கொள்ளலாம். நானும் தாம்பரத்திலிருந்து பெருங்களத்தூர் வரை ஒரு மேப் செய்து இன்டர்நெட்டில் போட்டிருந்தேன். ஒரு வேகத்தடைகூட விட்டுப்போகவில்லை என்று பார்ப்பவர்களிடமெல்லாம் பீற்றிக்கொள்வேன்.

துபாயிலிருந்து ஒரு லாரி டிரைவர் அதைப் பார்த்துவிட்டு எழுதியிருந்தார். பகலெல்லாம் நிஜ லாரி, ரூமுக்கு வந்தால் என் மேப்பில் லாரி! பீர்க்கன்கரணை ஏரிக்கரையில் அவருடைய வீடு இருக்கும் இடத்தை நான் காலி மனையாக விட்டிருந்தேனாம். 'மாடி இல்லாத வீடு, வாசலில் முருங்கை மரம், உதைத்தால்தான் மூடும் பச்சை கேட். அதையும் வெச்சுடுங்க தம்பி, வாசல்ல வண்டியை நிறுத்திப் பாக்கணும்' என்று கேட்டிருந்தார்.

என் மேப்பில் குறையா? ஞாயிற்றுக்கிழமையே கேமராவோடு கிளம்பிவிட்டேன். முருங்கை மரம் இருந்தது. ஆனால் கேட் புதுசு, அதுவும் பிரவுன் கலர். மேலே ஒரு மாடி வேறு. குழப்பத்தோடு நாலு படம் எடுப்பதற்குள் உள்ளேயிருந்து ஓர் அக்கா வந்து மடக்கினார்.

"இன்னாத்துக்கு என் வூட்ட போட்டோ எடுக்கற?"

கேம், மேப், துபாய் லாரி டிரைவர் என்று உளறிக்கொட்டினேன். தெருவே கூடிவிட்டது. அடி விழப்போகிறது என்றே நினைத்தேன். உதைத்தால்தான் மூடும் கேட் என்றதும் அவர் குபீரென்று சிரித்தார். அடுத்த நொடியே முகம் வெளுத்துவிட்டது.

"போட்டோவ அவருக்கு அனுப்பிட்டியா?"

"இல்லக்கா."

"அனுப்பிடாதப்பா! மாடி கட்னது அவருக்குத் தெரியாது. ரெண்டு வருஷமா துணி தெச்சு தெச்சுக் கட்டிருக்கேன். ரம்ஜானுக்கு வர்றாரு. வாசல்ல நின்னு அவரு முழிக்கறத நான் பாக்கணும்!"

அந்த ரகசியத்தைத் தெருவே சேர்ந்து காப்பாற்றிக்கொண்டிருந்தது. அக்காவின் கண்ணெதிரிலேயே படங்களை அழித்தேன். டீயும் கொடுத்து, பழைய வீட்டின் போட்டோ ஒன்றையும் தேடி எடுத்துக் கொடுத்தார். அதைப் பார்த்து, மாடியில்லாமல், பச்சை கேட்டோடு வீட்டை மேப்பில் வைத்தேன். 'அப்படியே என் வீடு தம்பி' என்று டிரைவர் எழுதியபோது திருட்டு முழி முழித்தேன். நல்லவேளை, அவர் பார்க்கவில்லை.

ரம்ஜான் முடிந்த வாரம் அவரிடமிருந்து இரண்டே வரி வந்தது. 'தம்பி, உங்க மேப் தப்பு. என் வீட்டு மாடியைக் காணோம்.'

அன்றைக்கே மாடியைக் கட்டிக்கொடுத்துவிட்டேன். என் மேப்புக்கு வந்த பாராட்டுகளெல்லாம் மறந்துபோய்விட்டன. இந்த ஒரு புகாரை நினைத்தால் மட்டும் இன்றைக்கும் மனசு நிறைந்து சிரிப்பு வருகிறது.