அண்ணாவுக்குப் போட்ட மாலை

பேய்களுக்கு வீடு கட்டிக் கொடுப்பதுதான் என் பிழைப்பு. ரோமில் இருந்து மலிவுச் செலவில் திகில் படம் எடுக்கும் ஒரு கம்பனிக்குப் பல வருடமாக நான்தான் கலை இயக்குநர். லண்டனில் மனிதருக்கு ஒரு வீடு கொடுக்கக் கவுன்சில் ஆண்டுக்கணக்கில் இழுத்தடிக்கும். நான் பேய்க்கு மூன்று கிழமையில் மாடிவீடே கொடுத்துவிடுவேன்.

எங்கள் இத்தாலிய இயக்குநருக்கு ஒரு பிடிவாதம். இரத்தம் தக்காளிச் சாறு மாதிரி இருந்தாலும் கவலைப்பட மாட்டார். சுவரில் தொங்குவது மட்டும் உண்மையாக இருக்க வேண்டும். சுவரை நம்பினால் சனம் பேயையும் நம்பும் என்பார். இத்தனை வருடத்தில் அது எனக்கும் பழக்கமாகிவிட்டது.

போன வருடம் அவர் லண்டனிலேயே ஒரு படம் எடுத்தார். கதை நடப்பது ஒரு தமிழ் வீட்டில். குரோய்டனில் ஒரு பழைய களஞ்சிய அறைக்குள் அந்த வீட்டின் முன்னறையைக் கட்டினேன். வாசலில் செருப்புக் குவியல், கோயில் கலண்டர், உறை கழற்றாத சோபா. இறந்துபோன மகனின் படம் ஒன்றும் சுவரில் வேண்டும். பழைய சாமான் கடையில் வாங்கிய ஒரு முகத்தை மாட்டியிருந்தேன். படப்பிடிப்பன்று காலை இயக்குநர் பார்த்துவிட்டு, "இவன் இந்த வீட்டுப் பிள்ளை இல்லை" என்று கழற்றச் சொன்னார்.

செட்டில் இருந்த மற்றத் தமிழர் ஒருவர்தான். லண்டனின் வடக்கே எட்மண்டனில் இருந்து வரும் லைட் வேலைக்காரர். உங்கள் பழைய படம் ஒன்று தாருங்கள் என்று கேட்டேன்.

"என்னக்கா கதைக்கிறியள்? உயிரோடை இருக்கிற ஆளுக்கு மாலை போடுறதோ? மனிசி அறிஞ்சால் வீட்டுக்குள்ளை விடாள்."

அவர் சொன்னது சரிதான். அது தெரிந்தும் அடுத்த நிமிடம் நான் என் போனில் அண்ணாவின் படத்தைத் தேடினேன்.

இலங்கையில் போர் நடந்த காலம். அண்ணாவுக்கு அப்போது பத்தொன்பது வயது. சைக்கிளில் சந்தைக்குப் போனவர் திரும்பவில்லை. பிடித்துக்கொண்டு போனார்கள் என்று சிலர் சொன்னார்கள். உடலும் இல்லை, கடிதமும் இல்லை. இப்போது லண்டனில், சட்டன் பகுதியில் நானும் அம்மாவும் இருக்கும் வீட்டில் அவர் படம் சாமியறையில் இல்லை. முன்னறை அலுமாரியில், என் பட்டமளிப்புப் படத்துக்குப் பக்கத்தில், உயிரோடு இருப்பவர்களுடன் இருக்கிறது. அதில் ஒரு பூ விழவும் அம்மா விடமாட்டார். ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் கோயிலில் அவர் பெயரும் நட்சத்திரமும் சொல்லி அர்ச்சனை செய்விப்பார்.

எல்லாம் தெரிந்த நான் அந்தப் படத்தைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டேன். பிளாஸ்டிக் மல்லிகை மாலை, கீழே ஒரு சின்னச் சிவப்பு பல்ப். நெற்றியில் சந்தனப் பொட்டு வைக்கும்போது விரல் கூசியது. வைத்தேன். இத்தாலியில் ஓடும் படத்தை அம்மா எங்கே பார்க்கப் போகிறார் என்று எனக்கு நானே சமாதானம் சொன்னேன். இயக்குநர் என் தோளில் தட்டினார். எனக்குப் பெருமையாக இருந்தது. அதை நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது.

நான்கு மாதம் கழித்து யாரோ முன்னோட்டத்தை வாட்ஸப்பில் அம்மாவுக்கு அனுப்பிவிட்டார்கள், மகளின் படம் என்று பாராட்டி. வேலை முடிந்து வந்தபோது அம்மா சோபாவில் இருந்தார். கையில் இருந்த டேப்லெட்டில் அந்தச் சுவர் அசையாமல் நின்றது. நான் திட்டு வாங்கத் தயாரானேன்.

"உனக்கு எப்ப தெரியும்?" என்று கேட்டார்.

"என்னம்மா?"

"அண்ணான்ரை விசயம். எனக்குத் தாங்கேலாது எண்டு மறைச்சு வைச்சிருக்கிறாய், என்ன?"

"ஐயோ அம்மா, ஒரு தகவலும் இல்லை. அது செட். சும்மா சோடிச்சது."

"பொய் சொல்லாதை. தெரியாமல் நீ அவனுக்கு மாலை போட்டிருக்க மாட்டாய்."

சத்தியம் செய்தேன், அழுதேன், இயக்குநர் பேரில் பழியைப் போட்டேன். எதுவும் எடுபடவில்லை. அம்மா எழுந்து அலுமாரியில் இருந்த அண்ணாவின் படத்தை எடுத்துச் சேலைத் தலைப்பால் துடைத்தார்.

"திகதியை மட்டும் சொல்லு பிள்ளை," என்றார். "இவ்வளவு வருசமும் அவனுக்கு ஒரு திவசம் செய்யாமல் விட்டிட்டன்."