முதல் எண் எந்தப் பக்கம்

ஐந்தாம் வகுப்பில் எனக்குப் போட்டியென்று இருந்தவள் என் பெரியம்மா மகள் ஒருத்திதான். ஆறு மாதம் மூத்தவள், ஆகவே அக்கா. கணக்கில் என்னைவிட ஒரு படி மேல். இது ஊருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

உச்சிப்புளிக்குத் தெற்கே, கடலை ஒட்டி எங்கள் ஊர். ராமநாதபுரத்தில் விடுதியில் தங்கிப் படிக்க எங்கள் பள்ளிக்கு ஒரே ஓர் இடம் கிடைத்திருந்தது. எழுத்துத் தேர்வில் நானும் அக்காவும் சமமாக நின்றோம். பள்ளி இன்ஸ்பெக்டர் நேரில் வந்து ஒருத்தியைத் தேர்ந்தெடுப்பார் என்றார்கள்.

வாத்தியார் அப்போது புதிதாக ஒரு பாடம் நடத்தியிருந்தார். பள்ளி முற்றத்து மணலில் பழைய வலைக்கயிறுகளை இழுத்துக் கட்டி, குறுக்கும் நெடுக்குமாகக் கட்டங்கள் போட்டார். பூவரச மரத்தடி மூலைதான் சுழி, அங்கிருந்துதான் எண்ணத் தொடங்க வேண்டும். அவர் இரண்டு எண் சொல்வார். முதல் எண்ணுக்கு வலப்பக்கம், இரண்டாவதற்குக் கடல் பக்கம் நடந்து, கயிறுகள் வெட்டும் இடத்தில் நிற்க வேண்டும். இன்ஸ்பெக்டர் இதில்தான் கேள்வி கேட்பார் என்றும் சொல்லியிருந்தார். பெரியம்மாவுக்குக் காய்ச்சல் என்பதால் அந்த வாரம் முழுவதும் அக்கா பள்ளிக்கு வரவில்லை.

இன்ஸ்பெக்டர் வரும் நாள் காலையில், ஊற்றில் தண்ணீர் எடுக்கும்போது அவள் கேட்டாள்.

"மொத நம்பருக்கு எந்தப் பக்கம்டி நடக்கணும்?"

நான் குடத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். "கடல் பக்கம்க்கா. பெறகு வலது பக்கம்."

இரண்டு முறை சொல்லிப் பார்த்து மனப்பாடம் செய்துகொண்டாள்.

இன்ஸ்பெக்டர் முதலில் அவளைத்தான் கூப்பிட்டார். "மூன்று, மூன்று." கடல் பக்கம் மூன்று, வலப்பக்கம் மூன்று. எந்த வழியில் போனாலும் இடம் ஒன்றுதான்! "சரி" என்றார் அவர். அக்கா திரும்பி என்னைப் பார்த்து முகமெல்லாம் சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கண்டபோதாவது நான் வாயைத் திறந்திருக்கலாம். பாவாடை நாடாவைத் திருகிக்கொண்டு நின்றேன்.

"இரண்டு, ஐந்து."

கொஞ்சமும் தயங்காமல் கடலை நோக்கி இரண்டு கட்டம் நடந்து, வலப்பக்கம் ஐந்து போய் நிமிர்ந்து நின்றாள். பிள்ளைகள் கொல்லென்று சிரித்தார்கள். வாத்தியாருக்கு முகம் கறுத்துவிட்டது.

"யாரு ஒனக்கு இப்படிச் சொல்லிக்கொடுத்தது?"

"யாருமில்ல சார். நாந்தான் மாத்திப்புட்டேன்."

அடுத்து என் முறை. "நான்கு, ஒன்று." அவள் நின்ற பக்கம் தலையைத் திருப்பாமல் வலப்பக்கம் நான்கு நடந்தேன். இடம் எனக்குக் கிடைத்தது.

வீட்டுக்குப் போகும் வழியில் அக்கா மெதுவாகக் கேட்டாள்.

"நீயும் அப்படித்தான தப்பா நெனச்சிருந்த? நான் தப்பா நடந்ததப் பாத்துத்தான ஒனக்கு வெளங்குச்சு?"

"ஆமாக்கா."

சற்றுத் தூரம் போனதும் நின்றாள். என் முகத்தையே பார்த்தபடி, அதே கேள்வியை அதே சொற்களில் இன்னொரு முறை கேட்டாள். நானும் அதே பதிலைச் சொன்னேன். "சரி, வா" என்று முன்னால் நடந்தாள்.

தப்பித்துவிட்டேன் என்று எனக்கு ஒரே நிம்மதி. தெரிந்த பதிலை இவள் எதற்கு இரண்டு தடவை கேட்கிறாள் என்பதுதான் அன்று விளங்கவில்லை.