இல்லை என்று நான் பதிந்த காய்ச்சல்

சாந்தோம் குப்பத்தில் வீடு வீடாகப் போய்க் காய்ச்சல் விசாரிப்பது என் வேலை. பக்கத்துச் சுகாதார நிலையத்தில் நான் நர்ஸ். யாருக்காவது காய்ச்சல், இருமல், மூச்சிரைப்பு உண்டா என்று கேட்டு போனில் பதிய வேண்டும். ஒரே தெருவில் நாலைந்து வீட்டில் காய்ச்சல் என்றால் மறுநாளே டாக்டர் வந்து முகாம் போடுவார். தொண்டையில் சளி எடுத்து லேபுக்கு அனுப்புவோம். என்ன காய்ச்சல் பரவுகிறது என்பது அப்படித்தான் தெரியவரும்.

அந்தத் தெருவில் எனக்கு ஒரு தோழி இருந்தாள். மீன் விற்பவள். கணவன் இல்லை, பிளஸ் டூ படிக்கும் ஒரு மகள். ஒருமுறை வெயிலில் நான் மயங்கி விழுந்தபோது மடியில் போட்டுக்கொண்டு சோடா குடிக்க வைத்தவள். அதன்பிறகு நெத்திலி வறுக்கிற நாளெல்லாம் எனக்கும் ஒரு பங்கு எடுத்து வைப்பாள்.

போன மழைக்காலத்தில் ஒரு நாள் தலையில் துண்டு கட்டிக்கொண்டு வாசலில் உட்கார்ந்து இருமிக்கொண்டிருந்தாள். கையைத் தொட்டேன். சுட்டது.

"எத்தனை நாளா?"

"நேத்துலேர்ந்துதான்க்கா. மழையில நனைஞ்சேன், அவ்ளோதான்."

போனை எடுத்தேன். அந்தத் தெருவில் அன்று ஏற்கெனவே மூன்று வீட்டில் காய்ச்சல் பதிந்திருந்தேன்; இது நாலாவது. அவள் என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"எய்திக்காதக்கா. கொரோனா அப்போ இந்த வாசல்ல தகரம் அட்ச்சாங்களே, ஞாபகம் இருக்கா? தகரத்த எட்த்தப்புறமும் ரொம்ப நாளு எவனும் எங்கையால மீன் வாங்கல."

"இப்பல்லாம் தகரம் அடிக்க மாட்டாங்க. டெஸ்ட் எடுத்து மாத்திரை குடுப்பாங்க."

"உனக்குத் தெரியும். தெருவுக்குத் தெரியுமா?"

அவளுக்குச் சர்க்கரை நோய் இருப்பது எனக்குத் தெரியும். ஃப்ளூ மாத்திரையை முதல் இரண்டு நாளுக்குள் கொடுத்தால்தான் நன்றாகக் கேட்கும் என்பதும் தெரியும். இருந்தும் 'இல்லை' என்றே பதிந்தேன். பையிலிருந்த பாரசிட்டமாலைக் கொடுத்து, மூச்சு வாங்கினால் உடனே கூப்பிடு என்று சொல்லிவிட்டு வந்தேன்.

அடுத்த இரண்டு நாள் எனக்கு வேறு வார்டில் வேலை. அவள் கூப்பிடவில்லை, நானும் கேட்கவில்லை. மூன்றாம் நாள் காலையில் மகள் போன் செய்தாள்.

"ஆன்ட்டி, அம்மாவால மூச்சு வுட முடியல. ஒதடெல்லாம் நீலமா கீது."

ஆம்புலன்ஸில் நானும் ஏறினேன். ஆஸ்பத்திரியில் ஆக்சிஜன் மாஸ்க்கை விலக்கிவிட்டு அவள் என்னைப் பார்த்துச் சொன்னாள்: "இப்ப எய்திக்கோக்கா."

சேர்த்த ஐந்தாம் நாள் போய்விட்டாள். அவளுக்கு வந்தது ஃப்ளூ என்று லேபிலிருந்து முடிவு வந்தது.

அன்றே எங்கள் டாக்டரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர், "நாளைக்கு முகாம் போடலாம். நீங்களே வீடு வீடா போய்க் கூட்டிட்டு வாங்க" என்றார். வந்தவர்களில் பலருக்குக் காய்ச்சல் இருந்தது. பக்கத்து வீட்டுப் பெரியவரும் எதிர்வீட்டுக் குழந்தைகளும் மாத்திரையில் தேறிவிட்டார்கள். நான் ஒரு வாரம் முன்பே சரியாகப் பதிந்திருந்தால் அந்த வரிசையில் அவளும் நின்றிருப்பாள்.

காரியம் முடிந்த அன்று மகள் என்னைத் தனியாக அழைத்தாள்.

"அம்மாக்கு ஜுரம்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமா ஆன்ட்டி?"

"தெரியும்மா. அவ எழுத வேணாம்னு சொன்னா. நானும் பதியல."

அவள் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். "நானும் ஃபர்ஸ்ட் நாளே போன் பண்றேன்னேன். அம்மாதான் ஆன்ட்டிய தொல்ல பண்ணாதன்னு சொல்லிச்சு" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

இப்போது ஆதம்பாக்கத்தில் சித்தி வீட்டில் இருக்கிறாள். போன மாதம் பார்க்கப் போயிருந்தேன். வாசலிலேயே நின்று பேசினாள். கிளம்பும்போது கேட்டாள்: "உங்க போன்ல அம்மா போட்டோ எதுனா இருக்கா ஆன்ட்டி? எங்கிட்ட ஆதார் கார்டுல கீறது மட்டுந்தான்."

அங்கேயே நின்று தேடினேன். ஐந்து வருடம் வாரம் தவறாமல் பார்த்த முகம். ஒரு படம்கூட நான் எடுத்து வைத்திருக்கவில்லை.